ஹில்டா கார்ஸ்டன் அம்மையாருக்கு உடை மாற்றிவிட்டவன் எழுதுவது

பெருமதிப்பிற்குரிய பத்திரிகை ஆசிரியர் குழுவினரான ஐயா, அம்மையீர்,

வணக்கம். துபாயில் அல் கூஸ் பகுதியில், கார் பட்டறைகளுக்கும் சரக்குக் கிடங்குகளுக்கும் நடுவே, ஒரு நாடகக் குழுவுக்குச் சொந்தமான கிடங்கு உண்டு. அதன் உடைப் பிரிவில் என் உழைப்புக் காலத்தின் பெரும்பகுதியைக் கழித்து ஓய்வு பெற்றவன் நான். பெயர் கருப்பையா. புதுக்கோட்டை மாவட்டம் அறந்தாங்கிக்குப் பக்கத்தில் பிறந்தவன். இப்போது ஷார்ஜாவில் மகன் வீட்டில் இருக்கிறேன். அந்தக் குழுவில் இன்று வேலை பார்க்கும் பிள்ளைகள் சிலர் தொலைபேசியில் அழைத்து, "அண்ணே, இருட்டுக்குள்ள எப்படிண்ணே அவ்ளோ வெரசா உடுப்பு மாத்துனீங்க? அத எழுதிக் குடுங்கண்ணே" என்று கேட்டுக்கொண்டே இருக்கிறார்கள். எழுத உட்கார்ந்தபோது ஒன்று விளங்கியது. யாருக்கு மாற்றினேன் என்பதை விட்டுவிட்டு, எப்படி மாற்றினேன் என்பதை எழுத இயலாது. ஆகையால் என் வேலையைப் பற்றிய இக்கட்டுரை, ஹில்டா கார்ஸ்டன் என்னும் ஆங்கிலேய நடிகையைப் பற்றிய கட்டுரையாகவே அமைகிறது.

அந்தப் பெயரைத் தாங்கள் கேள்விப்பட்டிருக்க நியாயமில்லை. சுவரொட்டிகளில் முதல் இரண்டு பெயர்களுக்குக் கீழே 'மற்றும் பலர்' என்று அச்சிடுவார்களே, அவர் வாழ்நாள் முழுவதும் அந்தச் சொற்களுக்குள்தான் இருந்தார். இங்கிலாந்தின் வடபகுதியில் ஒரு நூற்பாலை ஊரில் பிறந்து, கடற்கரை ஊர்களின் சிறு அரங்குகளில் நடித்து வளர்ந்தவர். தொலைக்காட்சியில் கதவைத் திறந்து "அவர் வீட்டில் இல்லை" என்று சொல்லிவிட்டுக் கதவைச் சாத்தும் பெண், மருத்துவமனையில் போர்வையை இழுத்துவிடும் தாதி, கொலையுண்டவரை முதலில் பார்த்துத் தட்டைக் கீழே போடும் வேலைக்காரி, இப்படிப்பட்ட வேடங்கள். துறைமுகப் பொறியாளரான கணவரோடு துபாய் வந்தார். கணவர் இறந்த பிறகும் ஊர் திரும்பாமல், எங்கள் குழுவின் விசாவில் இங்கேயே தங்கிவிட்டார். ஓட்டல்களிலும் மன்றங்களிலும் எங்கள் குழு நடத்திய நாடகங்களில் நடித்தார். தொழிலாளர் பாதுகாப்புப் படங்களில் "தலைக்கவசம் அணியுங்கள்" என்று சொல்லும் தாதியாக வந்தார். ஒரு பெரிய கடைவளாகத்தின் மின்தூக்கியில் "கதவு மூடுகிறது" என்று சொல்லும் குரல் அவருடையதே. அதில் ஏறி இறங்கியவர்கள் எத்தனையோ பேர். அவர்களில் ஒருவருக்கும் அவர் முகம் தெரியாது.

நான் இந்த வேலைக்கு வந்த கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். அல் கூஸில் ஒரு சலவை நிலையத்தில் இஸ்திரி போடும் வேலைக்கு ஒப்பந்தத்தில் வந்தேன். நாடகக் குழுவின் உடைகள் எங்களிடம் சலவைக்கு வரும். மடிப்புகள் நிறைந்த ஒரு பழங்காலப் பாவாடையை நான் தேய்த்துக் கொடுத்ததைப் பார்த்து, குழுவினர் எனக்கு விசா கொடுத்திருந்த முதலாளியான கஃபீலிடம் பேசி, என்னைத் தங்கள் விசாவுக்கு மாற்றிக்கொண்டார்கள். எட்டாம் வகுப்போடு பள்ளியை விட்டவன். தமிழைச் செய்தித்தாள்களிலும் நூலகப் புத்தகங்களிலும் கற்றேன்; ஆங்கிலத்தை மேடையோரத்தில் நின்று, நாள்தோறும் அதே வசனங்களைக் கேட்டுக் கேட்டுக் கற்றேன். அம்மையார் ஆங்கிலத்தில் பேசியவற்றை என் தமிழில் இங்கே தருகிறேன். அவர் ஒருநாளும் என்னை வெறும் பெயர் சொல்லி அழைத்ததில்லை. எப்போதும் "மிஸ்டர் கருப்பையா"தான்.

ஓர் ஆண், ஒரு பெண்மணிக்கு உடை மாற்றுவதா என்ற ஐயம் எழலாம். என் மனைவிக்கும் எழுந்தது. "பொம்பளைக்கு ஆம்பள உடுப்பு மாத்துறதா? நல்லாவா இருக்கு?" என்று தொலைபேசியில் கேட்டாள். "அந்தம்மாவுக்கு மாத்தலடி, அவங்க போடுற வேசத்துக்கு மாத்துறேன்" என்றேன். அதுவே உண்மையும்கூட. கழுத்திலிருந்து கணுக்கால் வரை மூடிய கறுப்பு உள்ளுடை ஒன்றை அவர் அணிந்திருப்பார். எல்லா மாற்றங்களும் அதற்கு மேலேதான்.

முறை இதுதான். மேடையின் பக்கவாட்டில், திரைக்குப் பின்னால் ஒரு நாற்காலி. கடைசியில் அணிய வேண்டியது அடியிலும் முதலில் அணிய வேண்டியது மேலும் இருக்கும்படி உடைகளை அடுக்க வேண்டும். பாவாடையைத் தரையில் வட்டமாக விரித்து வைத்தால், அவர் அதற்குள் கால் வைத்து நிற்பார். நான் மேலே தூக்குவேன். வெளியே தெரியும் பொத்தான்கள் வெறும் அலங்காரம். உள்ளே அழுத்து பொத்தான்கள். ஒட்டுப்பட்டை எளிதுதான், ஆனால் பிரிக்கும்போது 'கர்'ரென்று சத்தம் போடும். மேடையில் ஒருவர் மெதுவாகக் காதல் பேசும் இடத்தில் அது ஆகாது. காலணிகளுக்கு நாடா கிடையாது, இழுபடும் எலாஸ்டிக் பட்டைதான். சிறிய டார்ச்சை வாயில் கவ்விக்கொள்வேன். அடுத்த வேடத்துக்கு ஆகாதென்று அவர் தம் கல்யாண மோதிரத்தைக் கழற்றி நீட்டுவார்; அது என் சுண்டுவிரலுக்குப் போகும். இருவரும் பேசுவதில்லை. முடிந்ததும் அவர் தோளில் நான் ஒரு தட்டு தட்டுவேன். அவ்வளவுதான்.

அவர் வேடம் கட்டும் விதம் தனி. சந்தைக்குப் போய் வரும் பெண்ணாக நடித்தால் பையில் உண்மையான உருளைக்கிழங்கு இருக்க வேண்டும். "வெறும் பையைத் தூக்கினால் தோள் பொய் சொல்லும், மிஸ்டர் கருப்பையா" என்பார். நாடகம் முடிந்ததும் அந்தக் கிழங்குகள் எங்கள் தொழிலாளர் கேம்ப் சமையலுக்கு வந்துவிடும். தையல் பார்த்த ரஞ்சி, யாழ்ப்பாணத்துப் பெண், அதை வைத்தே என்னைச் சீண்டுவாள்.

"கருப்பையா அண்ணை, உங்கட மேடத்தின்ர கிழங்கு இண்டைக்கும் நடிச்சு முடிஞ்சுதோ? முடிஞ்சா இஞ்சால தாங்கோ, கறி வைப்பம்."

"நாளைக்கும் ஷோ இருக்கு தங்கச்சி."

"அதுக்கென்ன, நாளைக்கு வெங்காயத்தை நடிக்க விடுங்கோ. கிழங்குக்கு லீவு."

அம்மையாருக்கு அறுபது கடந்து சில ஆண்டுகள் ஆன பின்னர், லண்டனிலிருந்து கிரெய்க் என்பவர் எங்கள் குழுவுக்குப் புதிய இயக்குநராக வந்தார். திறமைசாலி, கடுஞ்சொல் பேசாதவர். அப்போது நாங்கள் ஒரு நகைச்சுவை நாடகத்தை வளைகுடா நாடுகளுக்குக் கொண்டு செல்ல ஆயத்தமாகிக்கொண்டிருந்தோம். கதை எளியது. கடற்கரை ஊரில், அறைகளை வாடகைக்கு விடும் ஒரு வீடு. அங்கே ஓர் இளைஞன் ரகசியமாகத் திருமணம் செய்து, விதிகளுக்கு மாறாக மனைவியைத் தன் அறையில் ஒளித்து வைத்திருக்கிறான். அம்மையாருக்கு மூன்று வேடங்கள்: அந்த வீட்டின் சொந்தக்காரியான கறாரான வீட்டுக்காரி, சத்தம் கேட்கிறதென்று முறையிட வரும் பக்கத்து வீட்டுக்காரி, முடிவில் வந்து சேரும் இளைஞனின் அத்தை. மூவரும் ஒருவரே என்று பார்ப்பவர்களுக்குத் தெரியக்கூடாது என்பதே அவருடைய கௌரவம்.

அவருக்கு முழங்கால் வலி தொடங்கியிருந்தது. ஒத்திகையில் இயக்குநர் திரையோரம் நின்று, நான் குனிந்து காலணி மாட்டுவதையும், அவர் என் தோளைப் பிடித்துக்கொண்டு நிற்பதையும் பார்த்தார். மறுநாள் அவரை அலுவலகத்துக்கு அழைத்தார். திரும்பி வந்த அம்மையார் உடை அறையில் உட்கார்ந்து, கையுறையைக் கழற்றியபடியே சொன்னார்.

"இந்தச் சுற்றுப்பயணத்துக்குப் பிறகு பக்கத்து வீட்டுக்காரியும் அத்தையும் ஓர் இளம்பெண்ணுக்குப் போகிறார்கள். எனக்கு வீட்டுக்காரி மட்டும். ஒரே ஒரு வேடத்துக்காக இந்த வயதில் ஒருத்தியின் விசாவைக் கம்பெனி புதுப்பிக்காதாம். நியாயம்தான்."

ரஞ்சிதான் கேட்டாள், அவளுக்குத் தெரிந்த ஆங்கிலத்தில்: "மேடம், ஊருக்குப் போனால் அங்கே நடிக்கலாம்தானே?"

"அங்கே போனால் நான் ஒரு கிழவி, ரஞ்சி. இங்கே நான் மூன்று பேர்" என்றார். பிறகு எழுந்து, "யல்லா, மிஸ்டர் கருப்பையா, அத்தையின் தொப்பியைத் தேய்க்கலாம்" என்றார்.

அந்த நிலையில்தான் குவைத் சென்றோம். ஃபஹாஹீலில் ஒரு மன்றத்தின் கூடம். வெள்ளிக்கிழமைப் பிற்பகல் காட்சி. துபாய் ஓட்டல்களில் எங்களுக்கு வருபவர்கள் பெரும்பாலும் ஆங்கிலேயர்கள். இங்கே வந்தவர்களோ எண்ணெய்க் கம்பெனிகளிலும் கடைகளிலும் வேலை செய்யும் நம்மவர்கள், தமிழர், மலையாளிகள், குடும்பம் குடும்பமாக. கூடத்தின் கடைசி வரிசையில் இயக்குநர் உட்கார்ந்திருந்தார்.

இந்த இடத்தில் எங்கள் தொழிலின் ஒரு பழக்கத்தைச் சொல்ல வேண்டும். நகைச்சுவை நாடகத்தில் நடிகர்கள் சிரிப்பை எண்ணி நடிப்பார்கள். இந்த வசனத்துக்குச் சிரிப்பு வரும், அது அடங்கும் வரை நிற்க வேண்டும், பிறகு அடுத்ததைச் சொல்ல வேண்டும் என்பது உடம்பில் ஊறிவிடும். இளைஞனாக நடித்த நைஜல் என்பவர் இதில் கைதேர்ந்தவர். ஆனால் ஃபஹாஹீலில் சிரிப்பு இடம் மாறிவிட்டது. தொடக்கத்தில் வீட்டுக்காரி தன் விதிகளைச் சொல்வாள்: அறையில் சமைக்கக்கூடாது, மீன் வாசனை வரக்கூடாது, ஒன்பது மணிக்கு மேல் வெந்நீர் கிடையாது, விருந்தாளி தங்கக்கூடாது. துபாயில் இதற்கு ஒருவரும் சிரித்ததில்லை. இங்கேயோ கூடம் அதிர்ந்தது. பகிர்ந்த அறையில் கட்டில் போட்டு வாழ்ந்தவர்கள், இந்த விதிகளையெல்லாம் சுவரில் ஒட்டிப் பார்த்தவர்கள் அல்லவா? "நம்ம ரூம் ஓனர் மாதிரியே பேசுது பாரு!" என்று யாரோ தமிழில் கத்தியது எனக்குக் கேட்டது. அம்மையார் அசையாமல் நின்று, அந்தச் சிரிப்பு முழுவதையும் வாங்கிக்கொண்டு, பிறகு சந்தைப் பையை எடுத்துக்கொண்டு உள்ளே வந்தார்.

அடுத்து கணவனும் மனைவியும் தேநீர் பற்றிப் பேசும் நீண்ட காட்சி. எப்போதும் சிரிப்பு பொங்கும் இடம் அது. நைஜல் முதல் வசனத்தைச் சொல்லிவிட்டு நின்றார். அமைதி. இரண்டாவதைச் சொல்லி நின்றார். ஒரு குழந்தை தண்ணீர் கேட்டது. மூன்றாவதற்கு நின்றவர், நின்றவர்தான். அடுத்த வசனம் அவருக்கு மறந்துபோயிற்று. இதற்குள் நான் வீட்டுக்காரியின் ஏப்ரனை அவிழ்த்துவிட்டேன். மோதிரம் என் விரலில். பக்கத்து வீட்டுக்காரியின் பாவாடையும் தொப்பியும் ஏறிவிட்டன. ஒரு காலில் அவளுடைய காலணி, மற்றொன்றில் இன்னும் வீட்டுக்காரியின் செருப்பு. அப்போதுதான் மேடையில் நைஜல், பதற்றத்தில் பல பக்கங்களைத் தாண்டி, பின்னால் வர வேண்டிய வசனத்தைச் சொன்னார்:

"ஐயோ, வீட்டுக்காரி வருகிறாள்! அலமாரிக்குள் ஒளிந்துகொள்!"

மனைவியாக நடித்த பெண்ணும் வேறு வழியின்றி அலமாரிக்குள் போய்விட்டாள். கூடம் கதவையே பார்த்துக்கொண்டிருக்கிறது. வர வேண்டியவள் வீட்டுக்காரி. ஆனால் அவள் இப்போது வந்தால் கதை கெட்டது. பக்கத்து வீட்டுக்காரி வந்து, பெண் குரல் கேட்டதாக முறையிட்டால்தான், பிற்பாடு வீட்டுக்காரிக்குச் சந்தேகம் வர முடியும்.

மேடை மேலாளர் எங்களைப் பார்த்துக் கையை வீசினார், "போ, போ" என்று. நான் வீட்டுக்காரியின் ஏப்ரனை மீண்டும் எடுத்து நீட்டினேன். அம்மையார் தலையை அசைத்து மறுத்தார். என் தோளைப் பிடித்து, வலிக்கும் முழங்காலைத் தாமே மடக்கி, பக்கத்து வீட்டுக்காரியின் இன்னொரு காலணியை மாட்டினார். தோளில் தட்டுவது என் வேலை. அன்றைக்கு அவர் என் தோளில் தட்டிவிட்டுப் போனார்.

கதவு திறந்தது. நைஜலின் முகம் வெளுத்தது. அம்மையார் பக்கத்து வீட்டுக்காரியாக உள்ளே வந்து, அறையை மெதுவாக ஒரு சுற்று பார்த்து, நாடகத்தில் எங்கும் இல்லாத வசனத்தைச் சொன்னார்.

"பயந்துவிட்டாயா? வீட்டுக்காரி இன்னும் சந்தையில் கிழங்குக்குப் பேரம் பேசிக்கொண்டிருக்கிறாள். சுவர் வழியாகப் பெண் குரல் கேட்டது, தம்பி. நான் சொல்லிவிட்டால் அவள் எப்படி வருவாள் தெரியுமா? இரு, காட்டுகிறேன்."

சொல்லிவிட்டு, இடுப்பில் கை வைத்து, வீட்டுக்காரியைப் போலப் பேசிக்காட்டத் தொடங்கினார். சமைக்கக்கூடாது! மீன் வாசனை வரக்கூடாது! வெந்நீர் கிடையாது!

ஐயா, அம்மையீர், என் வாழ்நாளில் நான் கண்ட மிகப் பெரிய நடிப்பு இதுதான். ஆகவே நிதானமாகச் சொல்ல விரும்புகிறேன். வீட்டுக்காரியாக நடித்தவரே அவர். நினைத்திருந்தால் அவளை அப்படியே கொண்டுவந்து நிறுத்தியிருக்கலாம். செய்யவில்லை. அவர் காட்டியது, பொறாமை பிடித்த ஒரு பக்கத்து வீட்டுக்காரி, அவ்வளவாகக் கைவராத வித்தையோடு, தனக்குப் பிடிக்காத ஒருத்தியைப் பேசிக்காட்டினால் எப்படி இருக்குமோ அதை. குரல் எட்டவில்லை. நடை தவறியது. உண்மை வீட்டுக்காரி வலக்கையை இடுப்பில் வைப்பாள். இவள் இடக்கையை வைத்தாள். விதிகளில் ஒன்றை விட்டுவிட்டு, சொந்தமாக ஒன்றைச் சேர்த்தாள்: "மூச்சு விடுவதென்றால் மாடிக்குப் போய் விடு!" ஒருத்திக்குள் ஒருத்தியை வைத்து, உள்ளே இருப்பவளை வேண்டுமென்றே கோணலாக்கிக் காட்டினார். கூடத்தில் நாற்காலிகள் சத்தம் போட்டன. சிரித்துச் சிரித்து ஒருவருக்கு இருமலே வந்துவிட்டது.

அதே வேகத்தில் நைஜலின் மூக்கருகே விரலை நீட்டி, வீட்டுக்காரியின் குரலில் கேட்டார்: "இந்த அறையில் பெண் குரல் கேட்டதாமே?"

நாடகத்தில் பின்னால் வீட்டுக்காரி கேட்கும் கேள்வி அது; அதன் விடை நைஜலுக்குத் தூக்கத்திலும் தெரியும். "அது ரேடியோ" என்றார். அந்த ஒரு சொல்லைப் பிடித்துக்கொண்டு அவர் கரையேறிவிட்டார். பக்கத்து வீட்டுக்காரி முறையிட்டாயிற்று. கதை தன் ஒழுங்குக்குத் திரும்பிவிட்டது. அதற்குப் பின் உண்மையான வீட்டுக்காரி வந்து, வலக்கையை இடுப்பில் வைத்து, அதே கேள்வியைத் தாழ்ந்த குரலில் கேட்டபோது, ஏற்கெனவே ஒத்திகை பார்த்த பொய்யை நைஜல் மறுபடி சொன்னார். அப்போது எழுந்த சிரிப்பைப் போல அந்த நாடகம் அதற்கு முன் கேட்டதில்லை.

நாடகம் முடிந்து நான் உடைகளை எண்ணி எடுத்துக்கொண்டிருந்தேன். தமிழர் ஒருவர் மனைவியோடு பின்பக்கம் வந்தார். இயக்குநரும் அருகில்தான் நின்றார்.

"அண்ணே, நீங்க நம்மூரா? ஒரு சந்தேகம். அந்த வீட்டுக்கார அம்மாவும் பக்கத்து வீட்டு அம்மாவும் அக்கா தங்கச்சியா? லேசா ஜாடை தெரியுது. இவ இல்லவே இல்லைங்கிறா."

"தூரத்துச் சொந்தம்" என்றேன்.

"பாத்தியா? நான் சொன்னேன்ல" என்று மனைவியிடம் பெருமைப்பட்டுக்கொண்டு போனார்.

அவர் என்ன கேட்டார் என்று இயக்குநர் விசாரித்தார். சொன்னேன். அவர் சிரிக்கவில்லை. கொஞ்ச நேரம் அந்தத் தம்பதி போன பக்கத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

ஒவ்வொரு காட்சிக்குப் பின்னும் இயக்குநர் எல்லோரையும் உட்காரவைத்து, யார் எங்கே பிழை செய்தார்கள் என்று சொல்வது வழக்கம். அன்று மன்றத்தின் பூப்பந்து மட்டைகள் அடுக்கியிருந்த அறையில் கூடினோம். நைஜலுக்கு நீண்ட நேரம் சொன்னார். கடைசியில் அம்மையார் பக்கம் திரும்பினார்.

"ஹில்டா, அதை நாளையும் செய்ய முடியுமா?"

"என்னால் உறுதி கூற முடியாது. அந்தப் பெண்ணின் மனநிலை எப்படி இருக்குமோ, கேட்டுப் பார்க்கிறேன்."

எல்லோரும் சிரித்தார்கள். இயக்குநர் மறுபடி கேட்டார்: "உடை மாற்ற நேரம் போதுகிறதா?"

"அதை மிஸ்டர் கருப்பையாவிடம் கேளுங்கள். அது அவருடைய பிரிவு."

இயக்குநர் என்னைப் பார்த்தார். அந்தக் கூட்டத்தில் என்னிடம் யாரும் எதுவும் கேட்டதில்லை. "போதும் சார்" என்றேன். "நல்லது" என்றார்.

மஸ்கட்டில் ரூவிக்குப் பக்கத்திலும் பிறகு பஹ்ரைனிலும் காட்சிகள் நடந்தன. அந்தப் பெண்ணின் மனநிலை எல்லா நாளும் நன்றாகவே இருந்தது. ஆனால் விசாவைப் பற்றி யாரும் வாய் திறக்கவில்லை. அம்மையாரும் கேட்கவில்லை. துபாய் திரும்பியதும் தம் வீட்டுச் சாமான்களில் சிலவற்றைப் பெட்டியில் கட்டத் தொடங்கிவிட்டதாக ரஞ்சியிடம் சொல்லியிருந்தார்.

ஒரு காலை, உடை அறையில் அத்தையின் கோட்டுக்குப் பொத்தான் தைத்துக்கொண்டிருந்தோம். விசா வேலைகளைக் கவனிக்கும் ஷாஜி, கையில் கோப்போடு, அவசரமாக எட்டிப் பார்த்தான். திருச்சூர்க்காரன்.

"கருப்பையா சேட்டா, மேடம் எவிடே? பாஸ்போர்ட் வேணம், ரெண்டு ஃபோட்டோவும் வேணம். நாளைக்கு மெடிக்கல். ஜல்தி!"

வளைகுடாவில் வாழ்ந்தவர்களுக்கு விளக்க வேண்டியதில்லை. புகைப்படம் கேட்டார்கள் என்றால் விசா புதுப்பிக்கிறார்கள் என்று பொருள். ரஞ்சி ஊசியைக் கீழே போட்டுவிட்டு, "அண்ணை! ஓடுங்கோ, போய்ச் சொல்லுங்கோ!" என்றாள். ஓட வேண்டியிருக்கவில்லை. அம்மையார் என் பின்னால்தான் நின்றிருந்தார்.

"ஷாஜி," என்றார், "புகைப்படம் யாருடையது வேண்டும்? வீட்டுக்காரியா, பக்கத்து வீட்டுக்காரியா, அத்தையா?"

ஷாஜிக்குப் புரியவில்லை. "மேடத்தோட மதி, அது போதும், மேடம்" என்றான்.

"அச்சா. அவளைத்தான் தேடிப் பிடிக்க வேண்டும்" என்று சொல்லி, கண்ணாடி முன் உட்கார்ந்தார். சீப்பை எடுத்து, ஒரே இடத்தைத் திரும்பத் திரும்ப வாரினார். நான் பார்க்காதவன்போல் கோட்டை மடித்தேன்.

மூன்று வேடங்களும் அவரிடமே இருந்தன. மேலும் பல ஆண்டுகள் நடித்தார். நானும் அவருக்கு உடை மாற்றினேன். முழங்கால் இடம் தராது என்று அவருக்கே தோன்றிய நாளில், "கலாஸ், முடிந்தது, மிஸ்டர் கருப்பையா" என்று தாமே சொல்லி, எங்கள் எல்லோருக்கும் கைகொடுத்து, இங்கிலாந்தில் உறவினர் ஊருக்குப் போனார். அங்கே காலமானார் என்ற செய்தி பின்னர் வந்தது.

சில மாதங்களுக்கு முன் மகன் என்னை ஒரு நாடகத்துக்கு அழைத்துச் சென்றான். அதே நாடகம், வேறொரு குழு, எல்லோரும் இளையவர்கள். பக்கத்து வீட்டுக்காரி உள்ளே வந்தாள். இடக்கையை இடுப்பில் வைத்து, வீட்டுக்காரியைப் பேசிக்காட்டினாள். "மூச்சு விடுவதென்றால் மாடிக்குப் போய் விடு" என்றாள். கூடம் சிரித்தது. முடிந்ததும் அந்தப் பெண்ணிடம் போய், "இந்த இடம் யார் எழுதியது அம்மா?" என்று கேட்டேன். "தெரியாது அங்கிள், ஸ்கிரிப்ட்லயே இருந்துச்சு" என்றாள். மேடை மேலாளர் அப்போது குறித்து வைத்த எங்கள் குழுவின் பிரதியிலிருந்து பிரதி எடுத்து, அது ஊர் ஊராகப் போயிருக்கிறது. அந்தப் பெண் மிக நன்றாகவே செய்தாள். அதையும் சொல்லிவிட்டுத்தான் வந்தேன்.

அந்தக் காட்சியை யாரும் எழுதவில்லை. ஃபஹாஹீலில் ஒரு வெள்ளிக்கிழமைப் பிற்பகல், முழங்கால் வலியோடு, இந்த ஊரில் இருப்பதா போவதா என்று தெரியாத நிலையில், ஹில்டா கார்ஸ்டன் அம்மையார் அதை மேடையிலேயே உண்டாக்கினார். அருகில் நின்று பார்த்தவன் நான். அவருடைய மோதிரம் அப்போது என் விரலில் இருந்தது.

இக்கட்டுரையை அச்சிட இடமில்லாவிட்டாலும் பரவாயில்லை. தூக்கிப் போட்டுவிடாமல், அவர் பெயர் தெரியும்படி மேலே எழுதி, எங்காவது ஓரிடத்தில் பத்திரமாக வைத்திருக்கும்படி பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன்.

இங்ஙனம்,
கருப்பையா
உடை உதவியாளர் (ஓய்வு)
ஷார்ஜா